சங்கா, தொலைபேசியா, வீடா: எந்தச் சீட்டுக்கு எந்த முடிவு?

2024 செப்டெம்பர் 21 ஜனாதிபதித் தேர்தலில் யாழ்ப்பாணத் தேர்தல் மாவட்டம் அநுர குமார திசாநாயக்கவுக்குக் கொடுத்தது 27,086 வாக்குகள். நான்காம் இடம். நவம்பர் 14 நாடாளுமன்றத் தேர்தலில் அதே மாவட்டம் அவருடைய தேசிய மக்கள் சக்திக்கு 80,830 வாக்குகளைக் கொடுத்து முதலிடத்தில் கொண்டுபோய் வைத்தது. அடுத்த ஆண்டு மே 6 உள்ளூராட்சித் தேர்தலில் யாழ் மாநகர சபையில் தமிழரசுக் கட்சிக்கு 13 ஆசனம், தமிழ்க் காங்கிரசுக்கு 12, தேசிய மக்கள் சக்திக்கு 10. எட்டு மாதத்துக்குள் மூன்று தேர்தல். மூன்றிலும் முதலாவதாக வந்தவர்கள் வேறு வேறு.

இதைப் பார்த்துப் பாதிப்பேர் "சனம் குழம்பிப்போச்சு" என்றார்கள். மீதிப்பேர் "சனம் நல்ல பாடம் படிப்பிச்சிட்டுது" என்றார்கள். எனக்கு இரண்டுமே சரியாகப் படவில்லை. மூன்று முறையும் கையில் தந்த வாக்குச்சீட்டு வேறு. அதை வைத்துச் செய்யக்கூடிய காரியமும் வேறு. ஜனாதிபதித் தேர்தலில் முழு நாட்டுக்கும் ஒரே ஒரு நாற்காலி. நாடாளுமன்றத் தேர்தலில் மாவட்டத்தின் ஆறு ஆசனங்களைப் பங்குபோடுகிறோம். உள்ளூராட்சியில் வட்டாரத்துக்கு ஒரு ஆளைப் பிடிக்கிறோம். ஒன்றுக்குப் பொருந்துகிற யோசனையை மற்றதற்கும் தூக்கிக்கொண்டு போகும்போதுதான் வாக்கு வீணாகிறது.

வடக்கு கிழக்குத் தமிழ் வாக்காளர் முன்னால் வழக்கமாக நான்கைந்து வழிகள் வைக்கப்படுகின்றன. வாக்களிக்காமல் விடு, எங்கட ஆளுக்குப் போடு, தெற்கில் வெல்லக்கூடிய ஆளுக்குப் போடு, இரண்டையும் சேர்த்துச் செய், எதையும் யோசிக்காமல் வேலை செய்து தருகிறவனுக்குப் போடு. மேடையில் இவற்றை இனப்பற்றின் அளவுகோலாகப் பேசுவார்கள். நான் இங்கே பார்க்கப்போவது அதைவிடச் சின்ன விஷயம்: எந்த வழி எந்தச் சீட்டில் வேலை செய்யும்?

போகாமல் விடுவது

புறக்கணிப்பு யாழ்ப்பாணத்துக்குப் புதிது அல்ல. 1931இல் டொனமூர் யாப்பின்கீழ் நடந்த முதல் சட்டசபைத் தேர்தலை, முழுச் சுயராஜ்யம் தரவில்லை என்று யாழ்ப்பாண வாலிபர் காங்கிரஸ் புறக்கணிக்கச் சொன்னது. வடக்கின் நான்கு தொகுதிகள், யாழ்ப்பாணம், காங்கேசன்துறை, பருத்தித்துறை, ஊர்காவற்றுறை, ஆளில்லாமல் வெறுமையாகக் கிடந்தன. 1934இல் இடைத்தேர்தல் வைத்துத்தான் நிரப்பினார்கள். அந்த மூன்று ஆண்டும் சபை நடக்காமல் நின்றுவிடவில்லை.

2005 இன்னும் கனமான கதை. நவம்பர் 17 ஜனாதிபதித் தேர்தலில் யாழ் தேர்தல் மாவட்டத்தில் பதிவில் இருந்தவர்கள் ஏழு இலட்சத்துக்கு மேல். வாக்களித்தவர்கள் 8,524 பேர். 1.21 சதவீதம். அந்தப் பதிவேட்டில் செத்தவர்களும் வெளிநாடு போனவர்களும் நிறைய இருந்தார்கள் என்பது எல்லோருக்கும் தெரியும். புலிகளின் காலத்தில் வீட்டோடு இருந்ததில் விருப்பம் எவ்வளவு, அச்சம் எவ்வளவு என்று இனிப் பிரித்தெடுக்கவும் முடியாது. ஆனால் கணக்கு இது: மகிந்த ராஜபக்ச 50.29 சதவீதம், ரணில் விக்ரமசிங்க 48.43 சதவீதம், இடைவெளி ஒரு இலட்சத்து எண்பதாயிரம் அளவில். ரணில் வந்திருந்தால் எல்லாம் நன்றாக நடந்திருக்கும் என்று நான் சொல்லவரவில்லை. யாரும் அப்படிச் சத்தியம் செய்ய முடியாது. முடிவை மாற்றும் அளவு பலம் கையில் இருந்த ஒரு நாளில், அது பாவிக்கப்படாமல் போனது. அவ்வளவுதான்.

2024இலும் தமிழ்த் தேசிய மக்கள் முன்னணி புறக்கணிக்கச் சொன்னது. யாழ் மாவட்டத்தில் 593,187 பேரில் 397,041 பேர் போய் வாக்களித்தார்கள். மூன்றில் இரண்டு பங்கு. மிச்சம் மூன்றில் ஒன்றைப் புறக்கணிப்பின் வெற்றி என்று சொல்லலாமா? அதில் கொழும்பில் வேலைக்கு நிற்பவர் இருக்கிறார், கனடாவுக்குப் போய்ப் பதிவு வெட்டப்படாதவர் இருக்கிறார், காய்ச்சலில் படுத்தவர் இருக்கிறார். இந்த வழியின் பெரிய பலவீனம் இதுதான்: கோபத்தில் வராதவரையும் சும்மா வராதவரையும் எண்ணுகிற அலுவலருக்குப் பிரித்துத் தெரியாது. எங்கள் சட்டத்தில் இத்தனை பேர் வாக்களித்தால்தான் தேர்தல் செல்லும் என்ற எல்லையும் கிடையாது. வராத வாக்கு, வெல்லுகிறவர் தாண்டவேண்டிய மட்டத்தைக் கொஞ்சம் தாழ்த்திக் கொடுக்கிறது.

போய்ச் சீட்டைப் பழுதாக்குவது இதைவிட ஒரு படி மேல் என்பார்கள். 2024இல் யாழ் மாவட்டத்தில் செல்லாத வாக்கு 25,000க்கு மேல். பதிவான வாக்கில் ஆறு சதவீதத்துக்கும் கூட. முழு நாட்டுக்கும் அது 2.2 சதவீதந்தான். எதிர்ப்பு இருந்திருக்கிறது என்று ஊகிக்கலாம். ஆனால் இரண்டு பேருக்குப் புள்ளடி போட்ட கிழவரும் அதற்குள்தான் இருக்கிறார்.

எங்கட ஆளுக்குப் போடுவது

1982இல் முதல் ஜனாதிபதித் தேர்தலிலேயே குமார் பொன்னம்பலம் நின்றார். நாடு முழுவதும் 173,934 வாக்குகள், யாழ் மாவட்டத்தில் முதலிடம். பிறகு எம். கே. சிவாஜிலிங்கம் 2010இலும் 2019இலும் நின்றார். 9,662 வாக்குகள், 12,256 வாக்குகள். இரண்டு முறையும் பெரிய கட்சி ஆதரவு இல்லை. சனமும் அதைப் பெரிதாக எடுக்கவில்லை.

2024 வேறு மாதிரி. பல கட்சிகளும் சிவில் அமைப்புகளும் சேர்ந்து பா. அரியநேத்திரனைத் தமிழ்ப் பொது வேட்பாளராக நிறுத்தின. சின்னம் சங்கு. வீட்டுச் சின்னத் தமிழரசுக் கட்சி, தொலைபேசிச் சின்னத்தில் நின்ற சஜித் பிரேமதாசவை ஆதரிப்பதாக அறிவித்தது. அதற்குள்ளேயே ஒரு பகுதி சங்குக்கு வேலை செய்தது. யாழ் மாவட்ட முடிவு: சஜித் 121,177, அரியநேத்திரன் 116,688, ரணில் 84,558. நாடு முழுவதும் அரியநேத்திரனுக்கு 226,343. அதாவது அவருடைய வாக்கில் பாதிக்கு மேல் யாழ்ப்பாணத்திலிருந்தே வந்தது.

இதில் எனக்கு மிகவும் சுவாரசியமான எண் யாழ்ப்பாணத்து எண் அல்ல. அரியநேத்திரன் மட்டக்களப்பின் முன்னாள் நாடாளுமன்ற உறுப்பினர். சொந்த மாவட்டத்தில் அவருக்கு விழுந்தது 36,905. யாழ்ப்பாணத்தில் கிடைத்ததில் மூன்றில் ஒன்றுக்கும் குறைவு. மட்டக்களப்பில் சஜித்துக்கு 139,110. அங்கே தமிழ் உணர்வு குறைவு என்று யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு தீர்ப்புச் சொன்னவர்கள் உண்டு. அவர்களுக்கு நவம்பர் பதில் சொன்னது. அதற்குப் பிறகு வருகிறேன்.

சங்குக்குப் போட்டவர்கள் அரியநேத்திரன் ஜனாதிபதி ஆவார் என்று நினைத்துப் போடவில்லை. எங்களுக்கு ஒரு அரசியல் கோரிக்கை இன்னும் உயிரோடு இருக்கிறது என்று பதிவு செய்யப் போட்டார்கள். அந்த வகையில் 1,16,000 என்ற எண் புறக்கணிப்பைவிட எவ்வளவோ தெளிவானது. இன்ன மாவட்டத்தில் இத்தனை பேர் இதைச் சொன்னார்கள் என்று தேர்தல் ஆணைக்குழுவின் தாளிலேயே இருக்கிறது. குறை என்னவென்றால், அந்தப் பதிவை அடுத்த நாள் யார் கையில் எடுத்துப் பேசுவது என்பதற்கு ஆளில்லாமல் போனது. இரண்டு மாதத்துக்குள் நாடாளுமன்றத் தேர்தலில் அதே சங்குச் சின்னத்தில் ஜனநாயகத் தமிழ்த் தேசியக் கூட்டணி நின்றது. யாழ் மாவட்டத்தில் கிடைத்தது 22,500 அளவில், ஆசனம் இல்லை. சின்னம் அதேதான், கேள்வி வேறு.

தெற்கில் வெல்லக்கூடியவருக்குப் போடுவது

இதுதான் போருக்குப் பிறகு வடக்கு கிழக்கு அதிகம் பாவித்த வழி. 2010 ஜனவரியில், போர் முடிந்து ஒரு வருடம்கூட ஆகாத நிலையில், அந்தப் போரை நடத்திய இராணுவத் தளபதி சரத் பொன்சேகா யாழ்ப்பாணத்திலும் வன்னியிலும் மட்டக்களப்பிலும் முன்னுக்கு வந்தார். வெளியாட்களுக்கு இது விளங்காது. அன்றைக்கு வாக்களித்தவர்களுக்கு நன்றாக விளங்கியது: பிடித்தவரைத் தெரிவதற்கு அங்கே யாரும் இல்லை, யார் போகவேண்டும் என்பது மட்டும் தெரியும்.

2010இல் பலிக்கவில்லை. 2015இல் பலித்தது. மைத்திரிபால சிறிசேன நாடளவில் 449,072 வாக்கு வித்தியாசத்தில் வென்றார். யாழ்ப்பாணம், வன்னி, மட்டக்களப்பு, திருகோணமலை ஆகிய நான்கு மாவட்டங்களில் மட்டும் அவருக்கு மகிந்தவைவிடக் கூடுதலாக விழுந்தவை ஐந்து இலட்சத்தைத் தாண்டும். அதில் முஸ்லிம், சிங்கள வாக்குகளும் உண்டு, தமிழ் வாக்கு மட்டும் என்று உரிமை கொண்டாட முடியாது. ஆனாலும் இந்த நான்கு மாவட்டமும் வீட்டோடு இருந்திருந்தால் முடிவு மாறியிருக்கும்.

2019இல் யாழ்ப்பாணம் சஜித்துக்கு 83.86 சதவீதம் கொடுத்தது. 2015ஐவிட இறுக்கமான ஒற்றுமை. கோட்டாபய 13 இலட்சத்துக்கு மேற்பட்ட வித்தியாசத்தில் வென்றார். யாழ்ப்பாணம் நூறு சதவீதம் கொடுத்திருந்தாலும் ஒன்றும் நடந்திராது.

இந்த இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒன்று தெரியும். இந்த வழி பலிப்பதும் பலிக்காததும் எங்கள் கையில் இல்லை. தெற்கு எவ்வளவு நெருக்கமாகப் பிளவுபட்டு நிற்கிறது என்பதில் இருக்கிறது. நெருக்கமான போட்டி என்றால் இதைவிடப் பெறுமதியான வழி வேறில்லை. ஒருபக்கம் அலை அடிக்கிற ஆண்டில் இதைச் செய்வதால் கிடைப்பது, தோற்றவரோடு சேர்ந்து தோற்ற சமூகம் என்ற பெயர்.

ஒன்றும் இரண்டும்

இங்கேதான் கொஞ்சம் நின்று பேசவேண்டும். மேலே சொன்ன இரண்டு வழிகளையும் "இதுவா அதுவா" என்றே எங்களுக்கு எப்போதும் விற்றிருக்கிறார்கள். ஆனால் ஜனாதிபதித் தேர்தல் சீட்டில் இரண்டையும் ஒரே தாளில் செய்யலாம். 1978 யாப்புக் காலத்திலிருந்தே அந்த வசதி இருக்கிறது.

முறை இது. உங்களுக்குப் பிடித்தவருக்கு 1, அடுத்தவருக்கு 2, வேண்டுமானால் மூன்றாமவருக்கு 3. முதல் எண்ணிக்கையில் யாரும் பாதியைத் தாண்டாவிட்டால், முதல் இரண்டு இடத்தில் நிற்பவர்களை வைத்துக்கொண்டு மற்ற எல்லோரையும் நீக்குவார்கள். நீக்கப்பட்டவர்களின் சீட்டுகளைத் திரும்ப எடுத்து, 2 அந்த இருவரில் ஒருவருக்கு இருந்தால் அவர் கணக்கில் சேர்ப்பார்கள். 2 வேறு யாருக்கோ என்றால் 3ஐப் பார்ப்பார்கள். பிறகு யாருக்குக் கூட இருக்கிறதோ அவர் ஜனாதிபதி.

தேர்தலுக்கு முதல் நாள் பின்னேரம் மாமி வெங்காயம் உரித்துக்கொண்டு கேட்டா: "தம்பி, சங்குக்கு ஒண்டு போட்டு போனுக்கு ரெண்டு போட்டா, சங்குக்கு அரை வோட்டுத்தானே விழும்?"

"இல்லை மாமி, சங்குக்கு முழு வோட்டும் விழும். சங்கு முதல் ரெண்டுக்குள்ள வராட்டித்தான் ரெண்டாவதைத் திறந்து பார்ப்பினம்."

"அப்ப ஏன் ஒருத்தரும் இதைச் சொல்லேல்லை?"

நியாயமான கேள்வி. சொல்லாததற்குக் காரணம் உண்டு. 1982 முதல் 2019 வரை ஒவ்வொரு தேர்தலிலும் முதல் எண்ணிக்கையிலேயே ஒருவர் பாதியைத் தாண்டிவிட்டார்; இரண்டாவது எண்ணைத் திறக்கவேண்டிய தேவையே வரவில்லை. எந்தக் கட்சியும் மேடையில் ஏறி "எங்களுக்கு இரண்டாவதையாவது தாருங்கள்" என்று கேட்க விரும்பாது, தோற்கப்போவதை ஒப்புக்கொண்டது போலாகும். "அவருக்கு இரண்டைக் கொடுங்கள்" என்றும் சொல்லாது. கேட்டதெல்லாம் ஒரே வசனம்: எங்கட சின்னத்துக்கு நேரே புள்ளடி போடுங்கோ. நாற்பதுக்குக் கிட்டப் பெயர் அச்சடித்த, இரண்டு அடிக்கும் நீளமான அந்தத் தாளை மட்டை மறைப்புக்குள் மேசையில் விரித்து, சின்னத்தைத் தேடிப் பிடிக்கவே நேரம் போகிறது. அதில் இரண்டாவது ஆளையும் தேடு என்றால், எதையாவது பிழையாகக் கீறிச் சீட்டே செல்லாமல் போய்விடுமோ என்ற பயம் வேறு.

2024இல் அந்த நாள் வந்தது. அநுர 5,634,915, சஜித் 4,363,035. அநுரவுக்கு 42.31 சதவீதந்தான். வரலாற்றில் முதல் தடவையாக இரண்டாவது எண்ணிக்கை. நீக்கப்பட்ட மற்ற எல்லோருக்கும் விழுந்த வாக்கு மொத்தம் 33 இலட்சத்துக்கு மேல். அதிலிருந்து முதல் இருவருக்கும் சேர்த்து வந்தது 273,131 மட்டும்: சஜித்துக்கு 167,867, அநுரவுக்கு 105,264. நூற்றுக்கு எட்டுப் பேரின் சீட்டுத்தான் இரண்டாவது சுற்றில் பேசியது. மற்ற 92 பேரின் சீட்டு, ரணிலுக்கும் நாமலுக்கும் சங்குக்கும் போட்டவர்கள் எல்லோரும் சேர்த்து, முதல் சுற்றோடு வாயை மூடிக்கொண்டது.

அந்த 33 இலட்சம் பேரும் இரண்டாவதைப் போட்டிருந்தால்? சஜித் முந்துவதற்குப் பத்தில் ஏழு பேர் அவருக்குக் கொடுத்திருக்கவேண்டும். ரணிலும் சஜித்தும் ஒரே யானைச் சின்ன ஐக்கிய தேசியக் கட்சியில் இருந்து பிரிந்தவர்கள் என்பதை நினைத்தால் அது நடக்கவே முடியாத காரியம் இல்லை. நடந்திருக்கும் என்றும் சொல்லமாட்டேன். ஆனால் இப்படி ஒரு கதவு இருந்ததும், அதைத் திறக்க யாரும் வராததும் எண்ணிக்கையில் அப்படியே கிடக்கிறது.

சங்குக்குப் போட்டவருக்கு இந்த வழி ஒத்துவருமா? ஒரு எதிர்வாதம் இருக்கிறது, அதை மதிக்கிறேன்: "உங்களில் யாரையும் ஏற்கவில்லை" என்று சொல்லத்தான் சங்குக்குப் போடுகிறேன், பிறகு 2 என்று தெற்கில் ஒருவரைக் காட்டினால் சொன்னதை நானே வெட்டுவதாகாதா? அப்படி நினைப்பவர் 2ஐ விட்டுவிடலாம். அவருடைய நிலை கோணலற்றது. ஆனால் தேர்தலுக்குப் பிறகு "ஐயோ, இவர் வருவதைவிட அவர் வந்திருக்கலாம்" என்று சொல்கிறவர் அந்த வகை அல்ல. அவருக்கு ஒரு விருப்பம் இருந்திருக்கிறது, தாளில் அதற்கு இடமும் இருந்திருக்கிறது. என் கணிப்பில், சங்குக்குப் போட்டவர்களில் பெரும்பாலோர் இந்த இரண்டாவது வகை.

ஆகவே ஜனாதிபதித் தேர்தலுக்கு என் தெரிவு தெளிவு: 1ஐ மனதுக்குப் பிடித்தவருக்கு, 2ஐ வெல்லக்கூடியவர்களில் குறைந்த கெடுதல் செய்வாரென்று நினைப்பவருக்கு. உங்கள் 1 முதல் இருவரில் ஒருவர் என்றால் 2 பற்றி மண்டையை உடைக்கவேண்டாம், அது திறக்கப்படாது. 1 இல்லாமல் 2, 3 மட்டும் போட்டால் சீட்டுச் செல்லாது. இலக்கம் போடுவதென்றால் இலக்கம் மட்டும், புள்ளடி என்றால் ஒரே ஒரு புள்ளடி. கலக்காதீர்கள்.

வயிற்றைப் பார்த்துப் போடுவது

இதைக் கேவலமாகப் பேசும் பழக்கம் எங்களிடம் உண்டு. 1982இல் யாழ் மாவட்டத்தில் ஹெக்டர் கொப்பேகடுவவுக்கு மூன்றில் ஒரு பங்குக்கு மேல் விழுந்தது; ஜெயவர்தன அவருக்குப் பின்னால். 1970களில் இறக்குமதியைக் கட்டுப்படுத்திய அரசின் விவசாய அமைச்சர் அவர். வெங்காயமும் மிளகாயும் போட்டு வீடு கட்டிய வலிகாமம் விவசாயி அதை மறக்கவில்லை. 2020இல் சுதந்திரக் கட்சியில் நின்ற அங்கஜன் இராமநாதன் 36,365 விருப்பு வாக்குகளோடு மாவட்டத்தில் முதலாவதாக வந்தார். 2024இல் ரணிலுக்கு யாழ்ப்பாணத்தில் விழுந்த 84,558க்குள் 2022இன் பெற்றோல் வரிசை முடிந்த நிம்மதியும் இருக்கிறது. இதற்கெல்லாம் யாரும் மன்னிப்புக் கேட்கத் தேவையில்லை. ஆனால் ஜனாதிபதியை இப்படித் தெரிவதில் ஒரு சிக்கல்: அந்தக் கதிரையில் இருப்பவருக்கு உங்கள் வீதியும் குளமும் எங்கே இருக்கிறது என்று தெரியாது. இந்தக் கணக்கு உள்ளூராட்சிச் சீட்டில்தான் சரியாக வேலை செய்யும். அங்கே வட்டாரத்துக்கு ஒருவர், 60 சதவீத ஆசனம் வட்டாரத்தால், 40 சதவீதம் பட்டியலால். ஒரே புள்ளடி இரண்டுக்கும் எண்ணப்படும். வாய்க்கால் அடைத்தால் போய்க் கதவைத் தட்டக்கூடிய ஆளா என்பதைவிட அங்கே பெரிய கொள்கை வேண்டியதில்லை.

ஆறு ஆசனப் பங்கு

நாடாளுமன்றத் தேர்தலில் ஆளைப் பார்ப்பதா, கட்சியைப் பார்ப்பதா என்ற கேள்விக்குச் சீட்டே பதில் சொல்கிறது. முதலில் கட்சிக்குப் புள்ளடி, பிறகுதான் அந்தக் கட்சியில் மூன்று பேருக்கு விருப்பு வாக்கு. கட்சிக்கு ஆசனம் கிடைக்காவிட்டால் உங்கள் ஆள் எவ்வளவு விருப்பு வாக்கு எடுத்தாலும் வீட்டுக்குத்தான்.

2024 நவம்பரில் யாழ்ப்பாணத்துக்கு ஆறு ஆசனம். முதலாவதாக வரும் கட்சிக்கு ஒன்று போனசாகப் போய்விடும். மற்ற ஐந்தும் விகிதப்படி. தேசிய மக்கள் சக்தி 80,830 எடுத்து மூன்று ஆசனம். தமிழரசு 63,327 எடுத்து ஒன்று. தமிழ்க் காங்கிரஸ் 27,986, சமூக ஊடகத்தில் பெயரெடுத்த மருத்துவரின் சுயேச்சைக் குழு (இலக்கம் 17) 27,855, ஆளுக்கொன்று. இந்த இரண்டுக்கும் இடையில் 131 வாக்குத்தான். ஆசனப் பங்கீட்டுக்குள் வருவதற்கான ஐந்து சதவீத எல்லையைத் தாண்டியும் சங்குக்கு ஒன்றும் இல்லை.

இப்போது தமிழரசு, தமிழ்க் காங்கிரஸ், சங்கு மூன்றையும் கூட்டிப்பாருங்கள். 113,000க்கு மேல். ஒரே பட்டியலில் நின்றிருந்தால் முதலிடமும் போனஸ் ஆசனமும் அவர்களுக்கு. ஆக, யாழ்ப்பாணம் தமிழ்த் தேசியத்தைக் கைவிட்டது என்ற தலைப்புச் செய்தி பாதி உண்மை. அநுரவின் 27,000 எண்பதாயிரமானது உண்மையான நகர்வு. ஜனாதிபதி அவர்தான் என்று தெரிந்த பிறகு, அரசோடு பேசக்கூடிய ஆட்கள் வேண்டும் என்று வந்தவர்கள், பழைய தலைவர்களில் வெறுத்துப்போனவர்கள் எல்லாம் அதில் உண்டு. தமிழரசின் சுமந்திரன் ஆசனத்தை இழந்ததும் அந்த வெறுப்பின் ஒரு பங்கு. ஆனால் மூன்று ஆசனம் வந்தது அந்த நகர்வால் மட்டும் அல்ல, எதிர்ப்பக்கம் துண்டாகிக் கிடந்ததாலும்.

மட்டக்களப்பை ஒப்பிட்டால் இது இன்னும் தெளிவாகும். செப்டெம்பரில் சங்கைக் கண்டுகொள்ளாத மாவட்டம். நவம்பரில் நாட்டின் 22 தேர்தல் மாவட்டங்களில் 21ஐ தேசிய மக்கள் சக்தியின் திசைகாட்டிச் சின்னம் பிடித்தபோது, பிடிபடாத ஒன்று மட்டக்களப்பு. தமிழரசுக்கு மூன்று ஆசனம். அதன் வேட்பாளர் சாணக்கியனுக்கு மட்டும் 65,458 விருப்பு வாக்குகள். முஸ்லிம் கட்சிகளோடும் பிள்ளையான் அணியோடும் ஆசனத்துக்குப் போட்டி போடுகிற இடத்தில், வாக்கைப் பிரித்தால் யாருக்கு நட்டம் என்று அங்குள்ளவர்களுக்குச் சொல்லித்தரத் தேவையில்லை. வெல்ல முடியாத தேர்தலில் பதிவு வாக்குக்கு அவர்கள் மினக்கெடவில்லை. ஆசனம் பங்கிடும் தேர்தலில் வீட்டின் பின்னால் நின்றார்கள். யாழ்ப்பாணம் சரியாகத் தலைகீழாகச் செய்தது. எனக்கு மட்டக்களப்பின் கணக்குத்தான் கெட்டித்தனமாகத் தெரிகிறது. யாழ்ப்பாணத்தவன் இதை எழுதுவது சிலருக்குப் பிடிக்காது, சரி.

எனவே நாடாளுமன்றச் சீட்டில், மனதுக்குப் பிடித்த சின்னக் கட்சி, ஆசனம் எடுக்கக்கூடிய பட்டியல் என்று இரண்டு நின்றால், நான் இரண்டாவதைத் தெரிந்து, என் பிடித்தத்தை விருப்பு வாக்கில் காட்டுவேன். மூன்று விருப்பு வாக்கையும் பாவியுங்கள். கனடாவிலிருந்து வாட்ஸ்அப்பில் எடுத்து யாருக்குப் போடவேண்டும் என்று சொல்கிற சொந்தக்காரரிடம், அந்தக் கட்சி மாவட்டத்தில் எத்தனையாவதாக வரும் என்று ஒரு கேள்வி கேளுங்கள். பெரும்பாலும் கதை வேறு பக்கம் போய்விடும்.

மாகாண சபை

மிச்சமிருப்பது இதுதான், இதற்கு மட்டும் இப்போதே முடிவு சொல்ல முடியாது. வடக்கு மாகாண சபைக்கு ஒரே ஒரு தடவை, 2013 செப்டெம்பர் 21இல் தேர்தல் நடந்தது. தமிழ்த் தேசியக் கூட்டமைப்பு 38இல் 30 ஆசனம், அதன் முதலமைச்சர் வேட்பாளர் விக்னேஸ்வரனுக்கு 132,255 விருப்பு வாக்குகள். 2018 அக்டோபரில் பதவிக்காலம் முடிந்தது. அதற்கு முன்பே 2017இல் சட்டத்தைக் கலப்பு முறைக்கு மாற்றினார்கள். எல்லை நிர்ணய அறிக்கையை 2018 ஓகஸ்டில் நாடாளுமன்றம் தோற்கடித்தது. பழைய முறையும் இல்லை, புதிய முறையும் இல்லை என்ற நிலையில் ஆண்டுக்கணக்கில் இழுபட்டு வருகிறது.

பழைய விகிதாசார முறைக்குத் திரும்பினால், முதலிடத்துக்கு இரண்டு போனஸ் ஆசனம் உண்டு. நவம்பரில் யாழ்ப்பாணம் விட்ட அதே பிழையை விட்டால் நட்டம் இரட்டிப்பு. ஒரே பட்டியலில் எத்தனை கட்சி நிற்கிறது என்பதைப் பார்த்துத்தான் போடவேண்டும். கலப்பு முறை வந்தால் தொகுதியில் நிற்கும் ஆள் முக்கியமாகிவிடுவார். அப்போது கட்சித் தலைமையகத்தில் யார் யாரோடு கோபம் என்பதைவிட, தொகுதிக்கு யாரை நிறுத்துகிறார்கள் என்று வேட்புமனு நாளிலேயே கவனிக்கவேண்டியிருக்கும். எந்தச் சீட்டு வரப்போகிறது என்று வர்த்தமானி சொல்லும்வரை, யாருக்கு என்று கேட்டு வருகிறவர்களிடம் நான் சொல்வது, பதிவேட்டில் உங்கள் பெயர் இருக்கிறதா என்று கிராம அலுவலரிடம் பார்த்து வையுங்கள் என்பதை மட்டும்.